தாலிக்கொடியில் பாதரசம்

எங்கள் கூட்டுறவு வங்கியின் ஆண்டு மலருக்கு ஓர் அனுபவக் கட்டுரை வேண்டும் என்று கீர்த்தனா வந்து கேட்டபோது நான் முதலில் மாட்டேன் என்றுதான் சொன்னேன். இளைப்பாறியவர்கள் எழுதும் கட்டுரைகளை நிறைய வாசித்திருக்கிறேன். அவர்கள் எல்லாவற்றையும் சரியாகச் செய்திருப்பார்கள், எல்லாம் அவர்களுக்கு விளங்கியும் இருக்கும். அடகுப் பிரிவில் நகை சோதிக்கும் மேசையில் இருந்த எனக்கோ விளங்கியதைவிட விளங்காமல் போனதுதான் அதிகம். வேலையை விட்டால் அந்தக் குழப்பம் குறையும் என்று நினைத்தேன். கூடிவிட்டது. கோப்பாயிலிருந்து வந்த ஒரு பிள்ளையும் அவளுடைய தாலிக்கொடியும்தான் காரணம். அந்தப் பிள்ளையின் உயிர் சம்பந்தப்பட்ட விடயம் என்பதால் அதைப்பற்றி நான் தெளிவாகப் பேச வேண்டும். என்னால் இன்னும் முடியவில்லை.

கீர்த்தனா இப்போது என்னுடைய கதிரையில் இருக்கிறவள். "விளங்காததையே எழுதுங்கோ அக்கா, ஆர் வாசிக்கப் போகினம்" என்றாள். அந்தத் தைரியத்தில் எழுதுகிறேன்.

உயர்தரத்தில் இரசாயனம் படித்தவள் என்ற ஒரே காரணத்துக்காக என்னை அந்த மேசையில் இருத்தினார்கள். மற்றவர்களுக்கு அமிலப் போத்தலைத் தொடப் பயம். எனக்கும் பயம்தான், ஆனால் என் பயத்துக்கு நைத்திரிக்கமிலம் என்று பெயர் சொல்லத் தெரிந்திருந்தது. வேலை பழகிய காலத்தைப்பற்றிச் சொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை. விரல் நுனிகள் மஞ்சளாகின, இரண்டு சேலைகளில் ஓட்டை விழுந்தது, வேலை பிடிபட்டது.

எனக்கு மேலே இருந்தவர் தில்லையம்பலம் சேர். பள்ளிக்கூடத்தில் இரசாயனம் படிப்பித்துக்கொண்டிருந்தவர், போர்க்கால இடப்பெயர்வுகளுக்குப் பிறகு எப்படியோ வங்கிக்கு வந்து சேர்ந்துவிட்டார். மற்றப் பிரிவுகளில் இலட்சுமி படம் தொங்கும் இடத்தில் அவர் மூலகங்களின் ஆவர்த்தன அட்டவணையைத் தொங்கவிட்டிருந்தார். முகாமையாளர் முகம் சுளித்ததும் இலட்சுமியையும் கொண்டுவந்து பக்கத்தில் கொழுவினார். வெள்ளிக்கிழமைகளில் இரண்டுக்கும் பூ வைத்தது நான்தான்.

அந்த அட்டவணையின் கீழே, எந்த மூலகத்தை யார் கண்டுபிடித்தார் என்று சிறிய எழுத்தில் இருக்கும். ஒட்சிசனுக்கு ஆள் உண்டு, நைதரசனுக்கு ஆள் உண்டு. பொன்னுக்கும் வெள்ளிக்கும் செம்புக்கும் பாதரசத்துக்கும் நேரே "பண்டைக்காலம்" என்று மட்டும் போட்டிருக்கும். சேருக்கு அதில் ஒரு தனிச் சந்தோசம். ஆரோ ஒரு மனிசி ஆற்றங்கரையில் மினுங்கினதைக் குனிந்து எடுத்திருப்பாள், அவளுடைய பேரை எழுதி வைக்க ஒருவருக்கும் தோன்றவில்லை என்பார். பொன்னின் குறியீடு ஏன் Au, பாதரசத்தின் குறியீடு ஏன் Hg என்று நான் கேட்டிருக்கிறேன். அவை இலத்தீன் பெயர்களிலிருந்து வந்தவை என்றும், பாதரசத்தின் பழைய பெயருக்குத் தண்ணீர் வெள்ளி என்று பொருள் என்றும் சொன்னார். எங்கள் மேசைக்குப் பாதரசம் வராது, ஆகவே அதை நினைவில் வைத்திருக்கத் தேவையில்லை என்றும் சொன்னார். அவர் சொன்னவற்றில் பிழையாய்ப் போனது அது ஒன்றுதான்.

ஒரு பெண் தாலிக்கொடியோடு வந்தால் சேர் கதிரையை விட்டு எழுந்துவிடுவார். எங்கள் ஊர்களில் கொடியை அடகு வைக்க வருபவர்கள் தாலியை மட்டும் கழற்றி மஞ்சள் கயிற்றில் கோத்துக் கழுத்தில் கட்டிக்கொள்வார்கள். அது கட்டி முடியும் வரையும் சேர் யன்னல் பக்கம் திரும்பி நிற்பார். பிறகுதான் கொடியைக் கையில் எடுப்பார். இளஞ்சூட்டுத் தண்ணீரில் சவர்க்காரம் போட்டு, மெல்லிய தூரிகையால் கண்ணி கண்ணியாகக் கழுவுவார். துடைத்து உலர்த்தித் தராசில் நிறுப்பார். பிறகு நூலில் கட்டித் தண்ணீருக்குள் தொங்கவிட்டு நிறுப்பார். கண்ணிகளுக்கிடையில் ஒரு காற்றுக் குமிழி ஒட்டியிருந்தாலும் நிறை பிழைத்துவிடும் என்பதால் நூலை விரலால் தட்டித் தட்டிக் குமிழிகளை மேலே அனுப்புவார். காற்றில் ஒரு நிறை, தண்ணீரில் ஒரு நிறை. இரண்டையும் வைத்துப் பார்த்தால் உள்ளே பாரமான பொன் இருக்கிறதா, இலேசான செம்பு இருக்கிறதா என்று தெரியும்.

அடுத்தது உரைகல். கொக்கிக்குப் பக்கத்தில் ஒன்று, நடுவில் ஒன்று, அடிப்பக்கத்தில் ஒன்று என்று மூன்று இடத்தில் உரைத்துக் கோடு இழுப்பார். கண்ணாடிக் குச்சியால் அமிலம் தொட்டு வைப்பார். பித்தளைக் கோடு பச்சையாகப் பொங்கி மறையும். வெள்ளிக் கோடும் கரைந்துவிடும். பொன் மட்டும் அசையாது. அது அசையாமல் இருப்பதைப் பார்க்க மற்றவர்களுக்கு ஒரு நிமிடம் போதும். சேர் தேநீர் குடித்து முடித்துவிட்டு வந்து இன்னொரு முறை பார்ப்பார்.

முடிவு சொல்லும்போது "இது பொன்" என்று ஒருநாளும் சொன்னதில்லை. "பொன் இல்லையெண்டு சொல்ல என்னட்டைக் காரணம் இல்லை" என்பார். ஒருமுறை மருதனார்மடம் சந்தையில் மரக்கறி விற்கும் அம்மா ஒருவர் "பொன் இல்லை" என்ற முதற் சொற்களோடு அழத் தொடங்கிவிட்டார். அவரைத் தேற்றித் தண்ணீர் கொடுத்து அனுப்பிவிட்டு, நேராகச் சொன்னால் என்ன சேர் என்று கேட்டேன்.

"நாங்கள் கேட்ட கேள்விக்குத்தான் அது மறுமொழி சொல்லும் பிள்ளை. கேளாத கேள்வி எவ்வளவு கிடக்கெண்டு ஆருக்குத் தெரியும்" என்றார்.

மனுசனுக்குப் பிடிவாதம் என்று அப்போது நினைத்தேன்.

இன்னொரு நாள் தொண்டைமானாற்றுப் பக்கத்திலிருந்து ஒரு பெண் வந்தார். இடம்பெயரும்போது நகைகளைப் போத்தலில் போட்டு வளவில் தாட்டுவிட்டுப் போனவர், வருடக்கணக்கில் கழித்துத் திரும்பிவந்து தோண்டி எடுத்திருக்கிறார். மூடி துருப்பிடித்து உப்புத் தண்ணீர் உள்ளே போயிருந்தது. வெள்ளிக் கொலுசு கரியாகக் கறுத்திருந்தது. செப்பு வளையம் பச்சை பிடித்து விரல் பட்டதும் உதிர்ந்தது. பொற்சங்கிலி மட்டும் நேற்றுக் கழற்றி வைத்ததுபோல இருந்தது. காற்றோடும் சேராது, உப்போடும் சேராது, அதுதான் பொன்னின் குணம் என்று நான் உற்சாகமாக விளக்கத் தொடங்கினேன். அவர் அந்தச் சங்கிலியை வெறுப்போடு பார்த்தார்.

"அவரும் இல்லை, பெடியனும் இல்லை. இதுக்கு மட்டும் ஒண்டும் நடக்கேல்லை, பாருங்கோ" என்றார்.

பொன்னுக்கு ஒன்றும் ஆகாது என்பதை அதற்குப் பிறகு யாருக்கும் நல்ல செய்தியாகச் சொன்னதில்லை. அது நல்ல குணமா, கெட்ட குணமா என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

சேர் இளைப்பாறிப் போய், அவருடைய மேசை எனக்கு வந்த பிறகு தங்குதன், டங்ஸ்டன் என்பார்களே, அதன் கதை வந்தது. பழைய மின்குமிழ்களின் இழையாக இருந்த அதே தங்குதன்தான். அதன் அடர்த்தி பொன்னின் அடர்த்தியோடு கிட்டத்தட்ட ஒன்று. உள்ளே தங்குதனை வைத்து மேலே பொன்னை மூடினால் தண்ணீர்த் தராசு ஏமாந்துவிடும், மேலோட்டமாக உரைத்தால் கல்லும் ஏமாந்துவிடும் என்று கொழும்பிலிருந்து எச்சரிக்கை வந்தது. எங்கள் கிளைக்கு அப்படி ஒரு நகையும் வரவில்லை. ஆனாலும் எனக்கு நித்திரை போய்விட்டது. சேருக்குப் போன் எடுத்தேன். "கேளாத கேள்வியிலை ஒண்டு வந்திட்டுது, என்ன" என்று மட்டும் சொன்னார். அடுத்த மாரியில் காலமாகிவிட்டார். நகை சோதிக்கும் மெசினை அவர் காணவில்லை.

மெசின் நான் இளைப்பாறிய பிறகு வந்தது. பார்க்கக் கூப்பிட்டிருந்தார்கள். பெரிய சோற்றுப் பானை அளவில் ஒரு பெட்டி. அதற்குச் சந்தனம் குங்குமம் வைத்திருந்தார்கள். யாரோ கற்பூரம் கொளுத்தப் போக, முகாமையாளர் ஓடிவந்து தடுத்தார். நகையை உள்ளே வைத்து மூடியைச் சாத்தினால் அது எக்ஸ் கதிர்களைப் பாய்ச்சி, அதில் எந்த எந்த மூலகம் எவ்வளவு என்று திரையில் வரிசையாகக் காட்டும். நகைக்கு ஒரு கீறலும் விழாது. என்னுடைய சங்கிலியைக் கழற்றி வைத்தேன். பொன், வெள்ளி, செம்பு என்று காட்டிவிட்டு, ஒட்டுப் போட்ட இடத்தில் கட்மியமும் உண்டு என்றது. இத்தனை வருடம் போட்டிருக்கிறேன், கட்மியம் என்னோடு இருப்பது எனக்குத் தெரியாது. சேருடைய தேநீர் நேரம்கூட ஆகவில்லை, எல்லாம் முடிந்துவிட்டது. எனக்குச் சந்தோசமா, துக்கமா என்று தெரியாமல் அவர்கள் தந்த மோதகத்தைத் தின்றுவிட்டு வந்தேன்.

சில மாதம் கழித்துக் கீர்த்தனா போன் எடுத்தாள். ஒரு தாலிக்கொடி வெள்ளையாகப் போய்விட்டது, மெசின் ஏதோ சொல்கிறது, ஆட்கள் போகமாட்டோம் என்று இருக்கிறார்கள், உடனே வாருங்கோ அக்கா என்றாள். நான் ஓட்டோ பிடித்துப் போனேன்.

முன்னால் இரண்டு பேர் இருந்தார்கள். ஒருத்தி நிரூஜா, இருபத்தைந்து மதிக்கலாம், கோப்பாய்ப் பிள்ளை. மற்றவர் அவளுடைய மாமியார். கணவன் கனடாவில். வந்து கலியாணம் கட்டிவிட்டுத் திரும்பிப் போய்விட்டான், இவளைக் கூப்பிட விசாவுக்குப் போட்டிருக்கிறார்கள். கொடியை மேசையில் வைத்தார்கள். கழுத்தைச் சுற்றிக் கிடக்கும் பகுதி மங்கிய வெள்ளையாக, ஈயம் பூசியதுபோல இருந்தது. கீழே தொங்கும் பகுதியும், மஞ்சள் கயிற்றில் அவள் கழுத்தில் கிடந்த தாலியும் நல்ல மஞ்சள். நான் அப்படி ஒரு நகையைப் பார்த்ததில்லை.

மாமியார் அடகு வைக்க வரவில்லை. உண்மை தெரிய வேண்டும் என்று வந்திருந்தார். அவருடைய குழப்பத்தை நான் குறை சொல்லமாட்டேன். எங்களிடத்தில் தாலிக்கு மாப்பிள்ளை வீட்டில் பொன்னுருக்குவார்கள். நல்ல நாள் பார்த்து, நகை செய்யும் பத்தரை வீட்டுக்கு அழைத்து, பவுண் காசை எல்லோர் கண் முன்னாலும் நெருப்பில் உருக்குவது வழக்கம். அவர்கள் வீட்டிலும் அப்படித்தான் நடந்தது. இரண்டு பக்கத்தாரும் கண்ணால் கண்ட பொன். இப்போது அது வெளுத்துவிட்டது. உருக்கின காசே சரியில்லை என்று பெண் வீட்டில் கதைக்கிறார்களாம். பத்தர் கொடி செய்யும்போது பொன்னை மாற்றிவிட்டார் என்று மாமியார் சொன்னார். இரண்டும் இல்லையென்றால் இது நல்ல சகுனம் இல்லை என்றும், விடயம் தெரியும் மட்டும் விசா அலுவலை நிற்பாட்டி வைக்கும்படி மகனுக்குச் சொல்லிவிட்டதாகவும் சொன்னார்.

நிரூஜாவின் முகம் ஊதியிருந்தது. காலில் செருப்பு வார் பட்ட இடம் குழி விழுந்து கிடந்தது. ஆஸ்பத்திரியில் சிறுநீரகக் கிளினிக்குக்குப் போய்வருகிறாள், என்ன காரணம் என்று டொக்டர்மார் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறார்கள் என்று மாமியார்தான் சொன்னார். ஊருக்குக் கெட்டவராகத் தெரிவார், ஆனால் அவர்தான் அவளைக் கிளினிக்குக்குக் கூட்டிக்கொண்டு போகிறவர்.

மெசினில் திரும்பவும் வைத்தோம். மஞ்சள் பகுதியில் பொன்னும் கொஞ்சம் வெள்ளியும் செம்பும், ஒழுங்கான இருபத்திரண்டு கரட். வெள்ளைப் பகுதியில் அதே பொன்னோடு Hg. கீர்த்தனா என்னைப் பார்த்தாள், நான் சுவரைப் பார்த்தேன். அட்டவணை இருந்த இடத்தில் இப்போது இலட்சுமி மட்டும்தான்.

மெசினை நம்பாமல் என்னுடைய பழைய கல்லை எடுப்பித்தேன். வெள்ளையை மெல்ல உரைத்தேன், கோடு அமிலத்தில் கரைந்தது. அதே இடத்தில் கொஞ்சம் அழுத்தி உரைத்தேன், மஞ்சள் கோடு விழுந்தது, அசையவில்லை. தண்ணீர்த் தராசும் பொன் என்றுதான் சொன்னது. உள்ளே பொன், வெளியே பாதரசம். பாதரசத்துக்குப் பொன்னைக் கண்டால் விடாத குணம் ஒன்று உண்டு. தொட்ட இடத்தில் ஊறி அதை வெளுக்கப் பண்ணிவிடும். அதெல்லாம் படித்ததுதான். ஆனால் கோப்பாயில் ஒரு வீட்டுக்குள் இருந்த பிள்ளையின் கழுத்துக்குப் பாதரசம் எங்கிருந்து வரும்?

மாமியாருக்கு அந்தக் கேள்வியே வரவில்லை. பாதரசம் என்றதும் அவர் தலையாட்டினார். பத்தர்மார்தான் அதைப் பாவிக்கிறவர்கள். செம்பிலும் வெள்ளியிலும் பொன்னை ஏற்ற அந்தக் காலத்தில் பாதரசத்தில் குழைத்துப் பூசிச் சூடாக்குவார்கள். "அப்ப அவர்தான் செய்திருக்கிறார், வேறை கதை இல்லை" என்றார். உண்மையைத் தேடிக் கொடுக்கப் போய் ஒரு மனுசனை மாட்டிவிட்டோமே என்று பட்டது. பத்தரைக் கூப்பிட்டுக் கேட்போம் என்றேன். இவ்வளவு நாளும் அவரிடம் ஒருவரும் கேட்கவில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. களவு செய்தவர் என்று முடிவு கட்டிவிட்டதால் நகையை ஊரெல்லாம் காட்டினார்கள், செய்தவரிடம் மட்டும் காட்டவில்லை.

பத்தர் சைக்கிளில் வந்தார். வயதானவர், கை நடுங்கியது. கொடியைக் கண்டதும் "இரசம் பட்டிருக்கு" என்றார். பாதரசத்துக்குப் பத்தர்மார் சொல்லும் பேர் அது. மாமியார் என்னைப் பார்த்தார், பாருங்கோ நான் சொன்னேனே என்பதுபோல.

"இரசம் பூசிப் பொன் ஏத்துறதெண்டால் உள்ளுக்கை செம்பெல்லோ இருக்கவேணும். உள்ளுக்கையும் பொன்னாய்க் கிடக்கேக்கை நான் என்னத்துக்கம்மா பூசுறன்" என்றார் பத்தர்.

அப்படியென்றால் எப்படி வந்தது என்று மாமியார் கேட்டார். தனக்குத் தெரியாது என்றார். எனக்கும் தெரியாது. முகாமையாளரும் வந்து பார்த்துவிட்டுத் தனக்கும் தெரியாது என்றார். வீட்டில் காய்ச்சல் பார்க்கும் கண்ணாடிக் குழாய் உடைந்ததா, சித்த மருந்து ஏதும் தின்றதா, நீளக் குழாய் மின்விளக்கு நொருங்கியதா என்று பாதரசம் இருக்கக்கூடிய எல்லாவற்றையும் நான் ஒவ்வொன்றாகக் கேட்டேன். இல்லை, இல்லை, இல்லை. நிரூஜாவின் வலக்கை மோதிரமும் வெளுத்திருந்தது, இடக்கைக் காப்பு மஞ்சளாக இருந்தது. வலக்கையால் என்னதான் செய்யமாட்டோம்? சாப்பிடுகிறோம், எழுதுகிறோம், கும்பிடுகிறோம்.

கீர்த்தனாதான் மெசினுக்குப் பின்னாலிருந்து எழும்பி, நிரூஜாவுக்குக் கிட்டக் குனிந்து மெல்லக் கேட்டாள்.

"முகத்துக்கு என்ன பூசுறனீங்கள்?"

நிரூஜாவின் ஊதிய முகத்தில் அப்போதுதான் ஓர் அசைவைக் கண்டேன். மாமியாரை ஒருதரம் பார்த்தாள், பிறகு தலையைக் குனிந்துகொண்டாள். கைகழுவ வாருங்கோ பிள்ளை என்று நான் அவளைப் பின்பக்கத்துக் குழாயடிக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

அங்கே சொன்னாள். டவுனில் வாங்கின ஒரு கிறீம், சின்ன டப்பா, யார் செய்தது என்ற விலாசம் இல்லை. ஒவ்வொரு நாளும் படுக்க முன்னம் வலக்கையால் முகத்திலும் கழுத்திலும் தேய்க்கிறாள். கலியாணம் பேசினபோது மாப்பிள்ளைக்கு அனுப்பிய அவளுடைய படம் போனில் வெளுப்பாக்கின படமாம். கலியாணத்தன்று மேக்கப். அவன் திரும்பிப் போன பிறகு போனில் முகம் பார்த்துக் கதைக்கும்போது ஒருநாள் "வடிவாய்த் தெரியேல்லை, லைற்றைப் போடும்" என்றிருக்கிறான்.

"அறைக்குள்ளை ரண்டு லைற்றும் போட்டுத்தான் இருந்தனான், மிஸ்" என்றாள்.

அவன் அவளுடைய நிறத்தைச் சொன்னானா, போனின் கோளாறைச் சொன்னானா என்று எனக்குத் தெரியாது. அவளுக்கும் தெரியாது. அவள் கேட்கவில்லை. கிறீம் வாங்கினாள். முகம் வெளுத்தது, சந்தோசப்பட்டாள். பிறகு முகம் ஊதியது, அதற்குக் கிளினிக்குக்குப் போனாள். என்ன மருந்து பாவிக்கிறீர்கள் என்று டொக்டர் ஒவ்வொரு முறையும் கேட்டிருக்கிறார். ஒன்றும் இல்லை என்று உண்மையாகவே சொல்லியிருக்கிறாள். கிறீமை யார் மருந்து என்று நினைப்பார்கள்?

பூசும்போது கொடியைக் கழற்றமாட்டீரா என்று கேட்டேன். என்னை விசித்திரமாகப் பார்த்தாள். புருசன் இருக்கத் தாலிக்கொடியைக் கழற்றுவதா? அன்று எங்கள் மேசையில் வைத்ததுகூட, மாமியார் மஞ்சள் கயிறு கட்டிவிட்ட பிறகுதான். இந்தக் காலத்துப் பிள்ளைகளைப்போல அவள் கொடியைக் கழற்றி அலுமாரியில் வைத்துவிட்டுப் பூசியிருந்தால் நகை தப்பியிருக்கும். உடம்புக்குள் என்ன போகிறது என்று ஒருவருக்கும் தெரியவந்திராது. கொடியைக் கழற்றாத அந்த வழக்கத்தை நான் வாழ்நாளெல்லாம் மனதுக்குள் நையாண்டி செய்தவள். இப்போது என்ன சொல்ல?

அடுத்த நாள் மாமியாருக்குப் பதிலாக நான் அவளோடு கிளினிக்குக்குப் போனேன். மெசினில் அந்த டப்பாவையும் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் போனோம். பாதரசம் நிறைய இருந்தது. டொக்டர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு டப்பாவைக் கையில் வாங்கினார், மறு கேள்வி கேட்கவில்லை. சலமும் இரத்தமும் எடுக்கச் சொன்னார். பாதரசம் தோலுக்குள்ளால் போய்ச் சிறுநீரகத்தில் இருக்கும் என்றும், இன்றோடு நிற்பாட்டினால் பெரும்பாலும் சுகம் வரும் என்றும் சொன்னார். "பெரும்பாலும்" என்ற சொல்லை நிரூஜா கவனிக்கவில்லை. நான் கவனித்தேன்.

கொடியைச் சுத்தம் செய்வது இலேசு. பாதரசம் சூட்டில் ஆவியாகிப் போய்விடும், பொன் போகாது. பத்தர் தன்னுடைய பட்டறைக்குள் வைத்துச் செய்யப் போனார். அந்த ஆவி கூடாது, வெளியே காற்று வரும் பக்கமாக நின்று செய்யுங்கோ என்று மன்றாடினேன். சின்ன வயதிலிருந்து சுவாசித்த புகைதானே என்று சிரித்தார். ஊதுகுழலைப் பிடித்த கை நடுங்கியது. வயதினால் வந்த நடுக்கம் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். அதற்குப் பிறகு என்ன நினைப்பது என்று தெரியவில்லை. கொடி அவர் கையில் மஞ்சளாகித் திரும்பி வந்தது.

மாமியாருக்கு என்ன சொல்வது என்பதுதான் மிச்சம். கிறீமைப்பற்றிச் சொல்லவேண்டாம் என்று நிரூஜா என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டிருந்தாள். ஆகவே பத்தரில் பிழை சொல்ல என்னிடம் காரணம் இல்லை, பவுண் காசிலும் இல்லை, இரசம் வெளியிலிருந்து வந்தது என்றேன். சேருடைய பேச்சு என் வாயில் வந்ததை அப்போதுதான் உணர்ந்தேன். வெளியிலிருந்து என்றதை மாமியார் கண்ணூறு, ஆரோ கண் வைத்தது என்று எடுத்துக்கொண்டார். செல்வச்சந்நிதிக் கோயிலில் ஓர் அர்ச்சனை செய்தார், பத்தர் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டார், விசா அலுவலைத் தொடரும்படி மகனுக்குச் சொன்னார். எல்லாம் சரியாகிவிட்டது. நான் உண்மை சொன்னேனா, பொய் சொன்னேனா?

போன மாதம் நிரூஜா திரும்பவும் வங்கிக்கு வந்தாள். அன்று நானும் இந்தக் கட்டுரை விடயமாகக் கீர்த்தனாவிடம் போயிருந்தேன். அவளுடைய வீக்கம் வற்றியிருந்தது. கிளினிக்குக்கு இன்னும் போகவேண்டும், ஆனால் டொக்டர் சந்தோசமாக இருக்கிறார் என்றாள். விசா வந்துவிட்டது. முகம் அவளுடைய சொந்த நிறத்துக்கு வந்திருந்தது. வடிவான பிள்ளை என்று அன்றுதான் கண்டேன், அதை அவளுக்குச் சொல்லவும் செய்தேன். சிரித்தாள், நம்பவில்லை.

போகமுன் கொடியை ஒருக்கால் பார்த்துத் தாருங்கோ என்றாள். கீர்த்தனா மெசினில் வைத்தாள். பொன், வெள்ளி, செம்பு. வேறொன்றும் இல்லை. நிரூஜா கொடியைப் போட்டுக்கொண்டாள், ஆனால் எழும்பவில்லை. கைப்பையைத் திறந்து ஒரு டப்பாவை எடுத்து மேசையில் வைத்தாள். புதுசு, வேறு நிறம், வேறு பேர்.

"இதையும் ஒருக்கால் வைச்சுப் பாருங்கோ மிஸ். இதிலை இரசம் இல்லையெண்டால் பூசலாம்தானே" என்றாள்.

மாட்டோம் என்றால் பார்க்காமலே பூசுவாள். பார்க்கலாம் என்று கீர்த்தனாவுக்குத் தலையசைத்தேன். மூடி சாத்தப்பட்டது. வேலைக்காலம் முழுவதும் பொன்னில் கலப்பு இருக்கக்கூடாது என்று வேண்டிக்கொண்டு காத்திருந்தவள் நான். அன்று அந்தத் திரையின் முன்னால், இதில் பாதரசம் இருக்கவேண்டும் முருகா என்று வேண்டிக்கொண்டு நின்றேன்.

இருக்கவில்லை. துத்தநாகம் கொஞ்சம், தைத்தேனியம் கொஞ்சம், முகப்பூச்சில் இருக்கக்கூடியவைதான்.

"இரசம் இருக்கெண்டு சொல்ல என்னட்டைக் காரணம் இல்லை" என்றேன். மற்ற எதைப்பற்றியும் இந்த மெசினுக்குத் தெரியாது, டொக்டரைக் கேளாமல் பூசாதேங்கோ பிள்ளை, அவரிடம் கொண்டுபோய்க் காட்டுங்கோ என்று திருப்பித் திருப்பிச் சொன்னேன். ஓம் மிஸ், ஓம் மிஸ் என்றாள். முதலில் சொன்னதை மட்டும்தான் கேட்டிருக்கிறாள் என்று அவள் முகத்தில் தெரிந்தது. அவ்வளவு சந்தோசம்.

சேர் இருந்திருந்தால் என்ன கேட்டிருப்பார் என்று யோசித்துக்கொண்டு திரும்பினேன். கீர்த்தனா ஒரு கையால் தன் கன்னத்தைத் தடவியபடி போனில் படம் பிடித்துக்கொண்டிருந்தாள். திரையில் வந்த முடிவைத்தான் பிடிக்கிறாள் என்று நினைத்தேன். அவள் பிடித்தது அந்த டப்பாவின் பேரை.